ரெண்டு பக்கமும் ஒரே விசைன்னா தேர் எப்படி நகருது?

வணக்கம். இன்னைக்கு ஒரே ஒரு கேள்விக்குத்தான் பதில் சொல்லப் போறேன். தென்னாப்பிரிக்காவுல டர்பன் நகரத்துல இருக்கற சாட்ஸ்வொர்த்துல இருந்து ஒரு பொண்ணு வாய்ஸ் நோட் அனுப்பியிருக்கா. கிரேட் 11 படிக்கிறா. அவ சொல்றதை அப்படியே சொல்றேன்: "சார், ஸ்கூல்ல நியூட்டனோட மூணாவது விதி முடிச்சுட்டாங்க. ஆயா, இன்னைக்கு என்னம்மா படிச்சேன்னு கேட்டாங்க. காவடிக்குத் தேர் இழுக்கறதை வச்சுச் சொன்னேன். நாம தேரை எவ்வளவு விசையோட முன்னால இழுக்கறோமோ, தேரும் நம்மளை அவ்வளவே விசையோட பின்னால இழுக்கும்னேன். ஆயா உடனே, அப்ப ரெண்டும் சரிக்குச் சரியாப் போச்சே, தேர் எப்படிம்மா நகருதுன்னு கேட்டுட்டாங்க. எனக்குப் பதில் வரல சார்."

கண்ணு, முதல்ல ஆயாவுக்கு என் வணக்கத்தைச் சொல்லு. வகுப்புல முப்பது பேர் உக்காந்து அந்த விதியை எழுதிட்டுப் போயிடுவாங்க, இந்தக் கேள்வியை ஒருத்தர் கேக்க மாட்டாங்க. இது தப்பான கேள்வியே இல்ல. நியூட்டன் 1687ல வெளியிட்ட புத்தகத்துல மூணாவது விதிக்குக் கீழ அவரே ஒரு உதாரணம் எழுதியிருக்காரு. கயிறு கட்டி ஒரு கல்லைக் குதிரை இழுக்குது, அப்ப கல்லும் குதிரையை அதே அளவுக்குத் தன் பக்கம் இழுக்குதுன்னு. உன் ஆயா தேரை வச்சுக் கேட்டது அந்தக் குதிரையும் கல்லும்தான்.

இதுல நம்ம தமிழ் வார்த்தையே கொஞ்சம் இடிக்குது. அதை முதல்ல சொல்லிடறேன். ஒவ்வொரு வினைக்கும் அதே அளவுல, எதிர்த் திசையில ஒரு எதிர்வினை உண்டுன்னுதான் இந்த விதியைச் சொல்றோம் இல்லையா? வினைன்னதும் நம்ம காதுல என்ன விழும்? வினை விதைச்சவன் வினை அறுப்பான். இன்னைக்கு விதைச்சா என்னைக்கோ அறுப்பு. அந்த நினைப்பு இங்க வந்துடுச்சுன்னா, நாம முதல்ல இழுக்கறோம், தேர் அப்புறமா பதிலுக்கு இழுக்குதுன்னு மனசுல படிஞ்சிடும். அப்படிக் கிடையவே கிடையாது. முன்ன பின்ன இல்ல, ரெண்டும் ஒரே நேரத்துல இருக்கு. கயிறு தொய்ஞ்சு கிடந்தா ரெண்டு விசையும் இல்ல. விறைச்ச அந்தக் கணத்துல ரெண்டும் இருக்கு. எது வினை, எது எதிர்வினைன்னு பேர் வைக்கறது நம்ம வசதிக்குத்தான். மாத்தி வச்சாலும் விதி மாறாது. அதனால நான் வகுப்புல அந்த ரெண்டு வார்த்தையையும் குறைச்சுட்டு, ஜோடி விசைன்னுதான் சொல்லுவேன்.

சரி, தேருக்கு வரலாம். டர்பன்ல கிளேர்வுட் பக்கம் காவடி பார்த்தவங்களுக்கு நான் சொல்றது கண்ணுல நிக்கும். சில பேர் முதுகுல கொக்கி மாட்டி, அதுல கயிறு கட்டித் தேரை இழுப்பாங்க. அந்த முதுகைப் பக்கத்துல நின்னு பார்த்திருக்கியா? கொக்கி மாட்டின இடத்துல தோல் பின்பக்கமா எழும்பி, சின்னக் கூடாரம் மாதிரி நிக்கும். தேர் அவரைப் பின்னால இழுக்குதுங்கறதுக்கு வேற சாட்சியே வேண்டாம். அதே சமயம் தேர்ப் பக்கம் கயிறு கட்டின இடத்தைப் பாரு, அங்க கயிறு விறைச்சுத் தேரை முன்னால இழுக்குது. ஒரே கயிறு, ரெண்டு முனை. கயிறோட எடையை விட்டுட்டா, ரெண்டு முனையிலயும் ஒரே அளவு.

இப்ப ஆயாவோட "சரிக்குச் சரி". ரெண்டும் சரிக்குச் சரிதான், அதுல ஆயா சொன்னது ரொம்ப சரி. ஆனா யார் கணக்குல? ஒரு விசை தேர் மேல, இன்னொண்ணு மனுஷர் மேல. உன் கணக்குல 100 ராண்ட் வரவு, உன் அண்ணன் கணக்குல 100 ராண்ட் செலவு. ரெண்டையும் கூட்டி, ஆக மொத்தம் உன் கணக்குல ஒண்ணும் வரலன்னு சொல்லுவியா? உன் கணக்குல 100 ராண்ட் வந்திருக்கு. தேர் நகருமா நகராதான்னு தெரியணும்னா தேரோட கணக்கை மட்டும் திறந்து பாக்கணும். தேரை மத்தவங்க எல்லாம் என்ன செய்யறாங்க, அது மட்டும்தான். தேர் மத்தவங்களை என்ன செய்யுதுங்கறது அந்தப் பக்கத்துல வராது.

எண்ணை வச்சே பாத்துடலாம். தேர் 200 கிலோ, இழுக்கறவர் 60 கிலோ. சக்கரத்துல, அச்சுல எல்லாம் சேர்ந்து தேரைத் தடுக்கற விசை 60 நியூட்டன் (விசையை அளக்கற அலகுக்கும் அவர் பேர்தான்). கயிறு தேரை 100 நியூட்டன்ல முன்னால இழுக்குது. தேரோட கணக்குல முன்னால 100, பின்னால 60, மிச்சம் முன்னால 40. ரெண்டாவது விதிப்படி மிச்ச விசையை நிறையால வகுத்தா வேகவளர்ச்சி, அதாவது வேகம் எவ்வளவு கூடுதுங்கறது, கிடைக்கும். 40ஐ 200ஆல வகுத்தா, வினாடிக்கு வினாடி 0.2 மீட்டர் வேகம் கூடுது. தேர் நகர்ந்துடுச்சு. தேர் மனுஷரைப் பின்னால இழுக்கற 100 இங்க எங்கயாவது வந்துச்சா? வரல.

அந்த 100 வர்றது மனுஷரோட கணக்குல. அப்ப அவர் பின்னால போகணுமே, ஏன் போகல? அவர் காலைப் பாரு. உடம்பு முன்னால சாய்ஞ்சிருக்கும், குதிகால் எழும்பி, விரல் எல்லாம் தார் ரோட்டை அழுத்திப் பின்னால தள்ளும். அவர் தரையைப் பின்னால தள்ள, தரை அவரை முன்னால தள்ளுது. அது இன்னொரு ஜோடி. அவரும் தேரோட சேர்ந்து அதே 0.2 வேகவளர்ச்சியில போகணும்னா 60 கிலோவுக்கு 12 நியூட்டன் மிச்சம் வேணும். பின்னால கயிறு 100. அப்ப தரை அவரை 112ல தள்ளியாகணும். ஆயாகிட்ட இப்படியே சொல்லு: தேரை அவர் இழுக்கறாரு, அவரைத் தரை தள்ளுது. கடற்கரையில ரிக்‌ஷா இழுக்கறவங்களுக்கும் இதே கதைதான்.

தைப்பூசம் வர்ற சமயம் டர்பன்ல மழைக்காலம் இல்லையா. ஈரத் தார் ரோட்டுல வெறுங்கால். 60 கிலோ மனுஷரைத் தரை மேல் நோக்கித் தாங்கற விசை 60ஐ 9.8ஆல பெருக்கினா 588 நியூட்டன். தாங்கற விசையில எவ்வளவு பங்கு வரைக்கும் கால் வழுக்காம தரை பிடிச்சுக்கும்னு சொல்றது நிலை உராய்வு எண். ஈரத்துல அது 0.15ன்னு ஒரு பேச்சுக்கு வச்சுக்க. பெருக்கினா 88 வரும். தரை கொடுக்கக்கூடிய அதிகபட்சம் அவ்வளவுதான். நமக்கு வேண்டியது 112. கால் வழுக்கிடும். அவர் பலமெல்லாம் அப்படியே இருக்கு, அவரை முன்னால தள்ள வேண்டிய தரைதான் வேண்டிய அளவு தள்ளல. அதுக்காக மூணாவது விதி எங்கயும் உடையல, கயிறோட ரெண்டு முனையும் அப்பவும் ஒரே அளவுலதான் இருக்கும்.

இன்னொண்ணு. தேர் ஓட ஆரம்பிச்சு ஒரே சீரா போகுதுன்னு வை. அப்ப கயிறுல எவ்வளவு விசை? வகுப்புல கேட்டா பாதிப் பேர், தடுக்கற 60ஐ விடக் கொஞ்சமாவது கூட இருக்கணும் சார், இல்லன்னா நின்னுடுமேம்பாங்க. இல்ல. சரியா 60. முன்னால 60, பின்னால 60, மிச்சம் பூஜ்யம், ஆனாலும் தேர் போயிட்டிருக்கு. அதான் முதல் விதி. வேகத்தை மாத்தறதுக்குத்தான் மிச்ச விசை வேணும், இருக்கற வேகத்துல போறதுக்கு வேண்டாம். இந்த இடத்துல நான் பிடிவாதமா நிக்கறது எதுக்குன்னா, ரெண்டாயிரம் வருஷம் பெரிய பெரிய அறிஞர்களே, தள்ளிக்கிட்டே இருந்தாத்தான் ஓடும்னு நினைச்சிருந்தாங்க. உனக்கு அப்படித் தோணினா அதுல வெக்கப்பட ஒண்ணுமில்ல. ஆனா அதோட பரீட்சைக்குப் போயிடாதே.

பரீட்சைன்னதும் ஞாபகம் வருது. இந்தப் பாடம் கிரேட் 11ல வந்தாலும் மெட்ரிக், அதாவது கிரேட் 12 கடைசிப் பரீட்சையோட முதல் பேப்பர்லயும் வரும். ஃப்ரீ பாடி டயகிராம், அதாவது ஒரு பொருள் மேல இருக்கற விசைகளை மட்டும் அம்பு போட்டுக் காட்டற படம், போடச் சொன்னா, தேரை வரையாதே. ஒரு புள்ளி வை. அந்தப் புள்ளிதான் தேர். அம்பெல்லாம் புள்ளியில இருந்து வெளிய போகணும். ஒவ்வொரு அம்பு போடும்போதும் வாய்விட்டுச் சொல்லு: "எது, எதன் மேல?" பூமி தேர் மேல, கீழ் நோக்கி. தரை தேர் மேல, மேல் நோக்கி. கயிறு தேர் மேல, முன்னால. உராய்வு தேர் மேல, பின்னால. "தேர் மனுஷர் மேல"ன்னு வாயில வந்துச்சுன்னா அந்த அம்பை அழிச்சுடு, அது இந்தப் படத்துல இல்ல. தேவையில்லாத ஒரு அம்பு கூட இருந்தாலும் மார்க் போகும்.

"எது, எதன் மேல"ன்னு கேக்காததால பிள்ளைங்க விழற இன்னொரு குழி இருக்கு. ஆயாவோட டீ கப் மேசை மேல இருக்கு. பூமி கப்பைக் கீழ இழுக்குது, மேசை கப்பை மேல தாங்குது, ரெண்டும் சமம், எதிர்த் திசை. உடனே, இதான் சார் ஜோடி விசைன்னு எழுதிடுவாங்க. இல்லவே இல்ல. ரெண்டும் ஒரே கப் மேலதான இருக்கு! ஜோடி எப்பவும் ரெண்டு பொருள் மேல. மேசை கப்பைத் தாங்கறதுக்கு ஜோடி, கப் மேசையை அழுத்தறது. பூமி கப்பை இழுக்கறதுக்கு ஜோடி, கப் பூமியை இழுக்கறது. நம்பலன்னா லிஃப்ட்ல ஏறு. 50 கிலோ ஆளை பூமி இழுக்கறது 490 நியூட்டன். லிஃப்ட் மேல் நோக்கிக் கிளம்பும்போது வேகவளர்ச்சி வினாடிக்கு வினாடி 1 மீட்டர்னா, லிஃப்ட்டோட தரை அவரை 540ல தள்ளும். 490ம் 540ம் சமமில்ல. மூணாவது விதி ஒரு நாளும் உடையாது, அதனால அந்த ரெண்டும் ஜோடியா இருக்கவே முடியாது.

கப் பூமியை இழுக்குதுன்னு சொன்னா ஆயா விட மாட்டாங்க, அடுத்த கேள்வி கேப்பாங்க. கையில பதிலை வச்சுக்க. மரத்துல இருந்து ஒரு மாங்காய் விழுது, 300 கிராம். பூமி அதை இழுக்கற விசை கிட்டத்தட்ட 3 நியூட்டன். மாங்காயும் பூமியை அதே 3 நியூட்டன்ல மேல இழுக்குது. விசை ஒண்ணுதான், நிறை வேற. 0.3 கிலோ மாங்காய்க்கு அது வினாடிக்கு வினாடி 9.8 மீட்டர் வேகத்தைக் கொடுக்குது. பூமியோட நிறை 6 எழுதிப் பக்கத்துல 24 பூஜ்யம் போட்ட கிலோ. அந்த 3 நியூட்டனை இதால வகுத்தா, புள்ளி வச்சு 24 பூஜ்யம் போட்டு அப்புறம்தான் ஒரு 5 வரும். பூமியும் மாங்காயைப் பாத்து எழும்பத்தான் செய்யுது கண்ணு, அவ்வளவு கொஞ்சமா.