பட்டியலில் பன்னிரண்டு, வினாத்தாளில் இரண்டு

(எங்கள் ஊர் வாசகர் வட்டத்தில் போன மாதம் பேசியது. கையில் இருந்த குறிப்புகளை வைத்து எழுதியிருக்கிறேன். நேரம் போதாமல் மேடையில் விட்டுப்போன ஓரிரு விஷயங்களும் சேர்ந்திருக்கின்றன.)

வணக்கம். தென்னாப்பிரிக்காவின் அரசமைப்புச் சட்டத்தில் தமிழ் என்ற பெயர் இருக்கிறது. 1996-ல் நிறைவேறிய சட்டம், ஆறாம் பிரிவு, ஐந்தாம் உட்பிரிவு. ஜெர்மன், கிரேக்கம், குஜராத்தி, இந்தி, போர்த்துக்கீசியம், தமிழ், தெலுங்கு, உருது போன்ற மொழிகளை வளர்க்கவும் அவற்றுக்கு உரிய மதிப்புக் கிடைக்கச் செய்யவும் ஒரு மொழி வாரியம் வேண்டும் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். இதை எங்கோ பார்த்துவிட்டு ‘அங்கே தமிழ் ஆட்சிமொழி தெரியுமா’ என்று உறவினர் ஒருவர் எனக்கு வாட்ஸ்அப் அனுப்பினார். இல்லை மாமா என்று பதில் போட உட்கார்ந்தவன்தான், அந்த நாட்டின் மொழிக் கதைக்குள் போய் மாட்டிக்கொண்டேன்.

ஆட்சிமொழிகளின் பட்டியல் அதே பிரிவின் தொடக்கத்தில் தனியாக இருக்கிறது: செபேடி, செசோத்தோ, செட்ஸ்வானா, சிஸ்வாட்டி, ட்ஷிவெண்டா, ஷிட்சோங்கா, ஆப்பிரிக்கான்ஸ், ஆங்கிலம், இசிண்டெபெலே, இசிகோசா, இசிஜூலு. ஆக 11. 2023 ஜூலையில் சைகை மொழி பன்னிரண்டாவதாகச் சேர்ந்தது. ஆங்கிலம் எட்டாவது இடத்தில் நிற்பதைக் கவனியுங்கள். வேண்டுமென்றேதான் வைத்தார்களோ என்று எனக்கு ஒரு சந்தேகம்.

இனி முன்னொட்டை விட்டுவிட்டே சொல்கிறேன்: இசிகோசா என்றால் கோசா, இசிஜூலு என்றால் ஜூலு. இந்த இரண்டிலும் நாக்கைச் சொடுக்கி எழுப்பும் ஒலிகள் உண்டு. யாருக்காவது ஏதாவது ஆகிவிட்டது என்று கேள்விப்பட்டால் நாம் உச்சுக்கொட்டுகிறோமே, அந்த ஒலி நமக்கு மொழிக்கு வெளியே இருக்கிற ஒன்று, எழுத்து கிடையாது. அங்கே அது ஒரு மெய்யெழுத்து. அதை வைத்து வார்த்தைகளே இருக்கின்றன. வீட்டுக்குப் போய் உச்சுக்கொட்டிக்கொண்டே ஒரு வாக்கியம் பேசிப் பாருங்கள், எவ்வளவு கஷ்டம் என்று தெரியும்.

சரி, ஏன் 11? தாராள மனசு என்று மட்டும் சொல்லிவிட முடியாது. நிறவெறி அரசு கறுப்பின மக்களை மொழிவாரியாகப் பிரித்து, பத்துத் துண்டு நிலங்களில் அடைத்து, ‘இதுதான் உன் நாடு’ என்று சொன்னது. பாண்டுஸ்தான் என்பார்கள். அதில் இரண்டு கோசாக்காரர்களுக்கு, மிச்சம் எட்டும் மொழிக்கு ஒன்று. ஆக ஒன்பது மொழிகள். 1990களின் ஆரம்பத்தில் நிறவெறி ஆட்சியை முடிக்கப் பேச்சுவார்த்தை நடந்தபோது, ஆட்சியில் இருந்த ஆப்பிரிக்கான்ஸ்காரர்கள் தங்கள் மொழியின் இடத்தை விட்டுக்கொடுக்கத் தயாராக இல்லை. மண்டேலாவின் கட்சியில் பலருக்கு ஆங்கிலம் ஒன்றே பொதுமொழியாகப் போதும் என்ற எண்ணம் இருந்தது. ஆப்பிரிக்கான்ஸுக்கு இடம் உண்டென்றால் ஜூலுவுக்கு ஏன் கிடையாது என்ற கேள்விக்கு யாரிடமும் பதில் இல்லை. ஆங்கிலம், ஆப்பிரிக்கான்ஸ் என்று ஏற்கெனவே ஆட்சிமொழியாக இருந்த இரண்டோடு அந்த ஒன்பதையும் கூட்டினார்கள், 11 வந்தது. எந்த வேலியைப் போட்டு மக்களைப் பிரித்தார்களோ அந்த வேலியை அளவெடுத்துத்தான் சமத்துவத்தின் பட்டியலும் வந்தது என்பது எனக்கு இன்னும் உறுத்துகிறது.

ஏனென்றால் இந்த ஒன்பதுக்கும் நடுவில் கோடு அவ்வளவு தெளிவு கிடையாது. ஜூலு, கோசா, ஸ்வாட்டி, இண்டெபெலே நான்கும் ஒரு குடும்பம், ஒருவர் பேசுவது இன்னொருவருக்குப் பெரும்பாலும் புரியும். சோத்தோ, ட்ஸ்வானா, பேடி மூன்றும் இன்னொரு குடும்பம். வெவ்வேறு மிஷனரிகள் வெவ்வேறு ஊரில் உட்கார்ந்து வெவ்வேறு விதமாக எழுத்துக்கூட்டியதில் கோடுகள் ஆழமாகிவிட்டன. பேசுவது எப்படி இருந்தாலும் எழுத்து வழக்கையாவது குடும்பத்துக்கு ஒன்றாக ஆக்கலாமே என்று 1944-லேயே ஜேக்கப் நிலாப்போ என்பவர் கேட்டார். பிறகு நெவில் அலெக்சாண்டர் கேட்டார். ராபன் தீவில் பத்து வருஷம் சிறையில் கிடந்த மனிதர், வெளியே வந்து மொழிக்காகவே வாழ்ந்தவர். யாரும் காது கொடுக்கவில்லை. நான் கோசா, என்னை ஜூலுவோடு கலக்காதே என்பதுதான் பதில். அந்தக் கோபமும் நியாயமில்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

ரூபாய் நோட்டு மாதிரி அவர்களுடைய ராண்ட் நோட்டு. 10, 20, 50, 100, 200 என்று ஐந்து. ஆங்கிலம் ஐந்திலும் உண்டு. மற்ற பத்து மொழிகளையும் நோட்டுக்கு இரண்டாகப் பங்கு போட்டிருக்கிறார்கள். கணக்கு அழகாகப் பொருந்துகிறது. ஆனால் வெண்டா மொழிக்காரர் தன் மொழியைப் பார்க்க வேண்டுமானால் பையில் 50 ராண்ட் நோட்டு இருக்க வேண்டும். 2022 கணக்கெடுப்பில் வீட்டில் ஜூலு பேசுகிறவர்கள் 24.4 சதவீதம், ஆங்கிலம் பேசுகிறவர்கள் 8.7 சதவீதம், ஐந்தாவது இடம். ஐந்தாவது இடத்தில் இருப்பது ஐந்து நோட்டிலும் இருக்கிறது.

இப்போது ஆப்பிரிக்கான்ஸ் கதைக்கு வருகிறேன், எனக்கு இதுதான் ரொம்பச் சுவாரசியம். டச்சுக்காரர்கள் ஏளனமாக ‘சமையற்கட்டுப் பேச்சு’ என்று ஒதுக்கிய மொழி அது. கேப் டவுனில் டச்சுக்காரரின் அடிமைகளும், அந்த மண்ணின் பூர்வகுடிகளான கோய் மக்களும், மலாய்க்காரர்களும் சேர்ந்து உருட்டி உருட்டி உண்டாக்கியது. வாழைப்பழத்துக்கு ‘பீசாங்’ என்பார்கள், மலாய்ச் சொல். 19-ஆம் நூற்றாண்டில் அங்கிருந்த முஸ்லிம்கள் இந்த மொழியை அரபு எழுத்தில் எழுதி மதரசாவில் சொல்லிக்கொடுத்தார்கள். இன்றைக்கும் அதைப் பேசுகிறவர்களில் பாதிக்கு மேற்பட்டவர்கள் வெள்ளையர் அல்லாதவர்கள். அந்தச் சமையற்கட்டுப் பேச்சுக்கு 1925-ல் அரசு அங்கீகாரம் வந்தது, 1933-ல் முழு பைபிள் வந்தது, 1948-ல் அதைப் பேசுகிற கட்சியே ஆட்சிக்கு வந்தது, பல்கலைக்கழகம், அகராதி, சட்டப் புத்தகம், விஞ்ஞானம் எல்லாம் ஒரே தலைமுறையில் வந்து சேர்ந்தன. ஆக, அடுப்படியில் இருந்த ஒரு மொழியை ஆய்வுக்கூடம் வரை கொண்டுபோவது நடக்கிற காரியம்தான், அரசாங்கம் மனசும் பணமும் வைத்தால். யாருக்கு வைத்தார்கள் என்பதுதான் பிரச்சினை.

அப்புறம் அதே மொழியைத் தடியாக எடுத்தார்கள். 1974-ல் ஓர் உத்தரவு: கறுப்பினப் பிள்ளைகளின் பள்ளிகளில், மேல்வகுப்புகளில், பாதிப் பாடம் ஆப்பிரிக்கான்ஸில், பாதி ஆங்கிலத்தில். கணக்கு ஆப்பிரிக்கான்ஸில். வாத்தியாருக்கே சரியாக வராத மொழியில் பிள்ளை அல்ஜீப்ரா படிக்க வேண்டும். 1976 ஜூன் 16, ஜோஹானஸ்பர்க்கை ஒட்டிய கறுப்பினக் குடியிருப்பான சொவேட்டோவில் மாணவர்கள் ஊர்வலம் போனார்கள், போலீஸ் சுட்டது. ஹெக்டர் பீட்டர்சன் என்ற சிறுவனை ஒரு பையன் தூக்கிக்கொண்டு ஓடுகிற, பக்கத்தில் அவன் அக்கா அலறிக்கொண்டு ஓடுகிற அந்தப் படத்தை நீங்கள் எங்காவது பார்த்திருப்பீர்கள். சாம் இன்சிமா எடுத்தது.

இதுவரை எல்லோருக்கும் தெரியும். தெரியாத பாதி இனிமேல்தான். ஆப்பிரிக்கான்ஸை எதிர்த்தவர்கள் ஜூலுவில் படிக்க வேண்டும் என்று கேட்டிருப்பார்கள் என்றுதானே நமக்குத் தோன்றும்? கேட்கவில்லை. கறுப்பினப் பிள்ளைகளுக்கென்றே வந்த 1953-ன் பாண்டு கல்விச் சட்டத்துக்குப் பிறகு, முதல் எட்டு வருஷம் தாய்மொழியிலேயே படி என்று அதே நிறவெறி அரசுதான் அவர்களைக் கட்டாயப்படுத்தியிருந்தது. கரிசனத்தில் இல்லை. உனக்கு உன் ஊர், உன் பேச்சு, அதற்கு மேல் எட்டிப் பார்க்காதே என்ற எண்ணத்தில். தாய்மொழிக் கல்வி என்றாலே ஏமாற்று வேலை என்று ஒரு முழுத் தலைமுறைக்கு மனசில் பதிந்துவிட்டது. அரசு இறங்கி வந்து 1979-ல் அந்த எட்டு வருஷத்தைக் குறைத்தது, பள்ளிகள் வரிசையாக ஆங்கிலத்துக்குப் போயின. தாய்மொழிக் கல்வி நல்லது என்று நாம் மேடையில் முழங்குகிறோம், நானும் முழங்குகிறவன்தான். சொவேட்டோவில் ஒரு பாட்டியிடம் போய் அதைச் சொன்னால் அவர் என்னை மேலும் கீழும் பார்ப்பார்.

அதனால்தான் இன்றைக்கு 12 மொழி ஏட்டில் இருந்தும் காரியம் ஆங்கிலத்தில் நடக்கிறது. நீதிமன்றத்தை எடுத்துக்கொள்ளுங்கள். டர்பன் பக்கம் ஒரு வழக்கு என்று வையுங்கள். கூண்டில் நிற்பவர் ஜூலுக்காரர், சாட்சி ஜூலுக்காரர், வழக்கறிஞர் ஜூலுக்காரர், நீதிபதியும் ஜூலுக்காரர். சாட்சி பேசி முடித்ததும் எல்லோருக்கும் புரிந்துவிடும். ஆனாலும் மொழிபெயர்ப்பாளர் எழுந்து அதை ஆங்கிலத்தில் சொல்லும்வரை காத்திருக்க வேண்டும், பதிவேட்டுக்குப் போவது அதுதான். உயர் நீதிமன்றங்களில் பதிவுமொழி ஆங்கிலம் மட்டுமே என்று 2017-ல் முடிவெடுத்தார்கள். மொழிபெயர்ப்பில் சாட்சியின் ஒரு வார்த்தை நழுவினால் அங்கே இருக்கிற அத்தனை பேருக்கும் தெரியும், ஏட்டுக்குத் தெரியாது.

சைகை மொழி விஷயத்தில் உலகமே பார்த்த ஒரு கூத்து உண்டு. 2013 டிசம்பரில் மண்டேலாவின் நினைவுக் கூட்டம். ஒபாமா பேசுகிறார், பக்கத்தில் நின்று ஒருவர் கையை ஆட்டுகிறார். காது கேளாதவர்கள் டிவியைப் பார்த்துவிட்டு, இவர் காட்டுவதற்கு எந்த அர்த்தமும் இல்லை என்று கூச்சல் போட்டார்கள். அதற்கு அப்புறம் பத்து வருஷம் ஆயிற்று பட்டியலில் இடம் வர.

தமிழுக்கு வருகிறேன், இல்லாவிட்டால் மாமா கோபித்துக்கொள்வார். 1860 நவம்பர் 16-ல் ‘ட்ரூரோ’ என்ற கப்பல் சென்னையிலிருந்து கூலிகளை ஏற்றிக்கொண்டு டர்பன் போய்ச் சேர்ந்தது. கரும்புத் தோட்டத்து வேலை. அவர்கள் பரம்பரை இன்றும் அங்கே இருக்கிறது, மவுண்ட் எட்ஜ்கோம்பில் 1890-ல் எழும்பிய மாரியம்மன் கோயில் இருக்கிறது, காவடி இருக்கிறது. வீட்டில் பேசுவது பெரும்பாலும் ஆங்கிலம். சட்டம் தமிழை மதிக்கிறது, யாரும் தடுக்கவுமில்லை. ஆனால் பிள்ளைக்கு வேலை தருகிற மொழி எதுவோ அதைத்தான் எந்த அம்மாவும் சோற்றோடு ஊட்டுவாள், இதில் டர்பன் தமிழ்க்காரி, சொவேட்டோ ஜூலுக்காரி என்று வித்தியாசம் இல்லை.

கடைசியாக ஒன்று. அங்கே ஜூலுப் பிள்ளை முதல் மூன்று வகுப்பு ஜூலுவில் படிக்கும். 2025-க்கு முன்பு வரை, நான்காம் வகுப்பில் திடீரென்று கணக்கும் அறிவியலும் ஆங்கிலத்துக்கு மாறிவிடும். இதை மாற்ற ஈஸ்டர்ன் கேப் மாகாணத்தில் 2012-லிருந்தே கோசாவிலும் சோத்தோவிலும் நான்காம் வகுப்பைத் தாண்டிச் சொல்லிக்கொடுத்துப் பார்த்தார்கள். 2025-ல் நாடு முழுக்க நான்காம் வகுப்பில் தாய்மொழியும் ஆங்கிலமும் சேர்ந்த முறையைத் தொடங்கியிருக்கிறார்கள். பன்னிரண்டாம் வகுப்புப் பொதுத்தேர்விலோ, மொழிப்பாடம் தவிர மற்ற பாடங்களின் வினாத்தாள் ஆங்கிலத்திலும் ஆப்பிரிக்கான்ஸிலும்தான் வழக்கமாக வருகிறது. ஆப்பிரிக்கான்ஸ் பிள்ளைக்குத் தன் மொழியில் இயற்பியல் கேள்வி, ஜூலுப் பிள்ளைக்கு ஆங்கிலத்தில்.

2025-ல் நான்காம் வகுப்பில் உட்கார்ந்த பிள்ளைகள் 2033-ல் அந்தத் தேர்வு எழுதுவார்கள். அன்றைக்கு மேசையில் வைக்கிற கணக்குத் தாளில் எத்தனை மொழி இருக்கிறது என்று பார்க்க, உயிரோடு இருந்தால், நானும் காத்துக்கொண்டிருப்பேன்.