அறிவு யாருக்கும் அடிமை இல்லை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

'மனிதனுக்கு விடுதலை தருவது ஆசையா, அறிவா?' என்பது இன்றைய தலைப்பு. அறிவே என்று பேச வந்திருக்கிறேன். எதிரணித் தலைவர் எங்கள் முன் மூன்று தடைகளை வைத்துவிட்டுப் போயிருக்கிறார். ஹியூமின் வாசகம் ஒன்று, மூளைச் சோதனை ஒன்று, ஐக்மன் என்ற பெயர் ஒன்று. மூன்றாவதைக் கேட்டபோது எனக்கு உண்மையிலேயே மனம் கனத்துப் போனது. அதை மழுப்பிவிட்டுப் போக மாட்டேன்.

முதலில் தத்துவஞானி டேவிட் ஹியூம். முப்பது வயது நிரம்பாத அந்த ஸ்காட்லாந்து இளைஞர் 1739-இல் எழுதினார்: அறிவு உணர்ச்சிகளின் அடிமை, அப்படி இருப்பதுதான் அதற்குத் தகும் என்று. அவர் சொல்வதில் உண்மை இருக்கிறது. அறிவு வழி காட்டும். ஆனால் கிளம்ப வைப்பது வேறு ஏதோ ஒன்று. பசியை யாரும் யோசித்து வரவழைப்பதில்லை.

சரி, ஒன்று கேட்கிறேன். போதைப்பழக்கத்தில் சிக்கிய ஒருவர், அதை விட்டுவிடத் தவிக்கிறார். தவித்துத் தவித்து, கடைசியில் போதையை எடுத்துவிடுகிறார். எதிரணியின் கணக்குப்படி அவர் சுதந்திரமானவர். ஆசைப்பட்டதைச் செய்தார், யாரும் தடுக்கவில்லை. ஆனால் அவரிடம் போய்க் கேளுங்கள். 'தோற்றுவிட்டேன்' என்பார். ஆசை ஜெயித்த இடத்தில் தோற்றது யார்? அமெரிக்கத் தத்துவஞானி ஹாரி பிராங்க்ஃபர்ட் 1971-இல் எழுதிய கட்டுரை இந்த மனிதரை வைத்துத்தான் யோசிக்கிறது. நமக்கு ஆசைகள் மட்டும் இல்லை, நம் ஆசைகளைப் பற்றிய விருப்பங்களும் இருக்கின்றன என்றார் அவர். அதையும் ஒரு விருப்பம் என்றே அவர் சொன்னார், மறைக்கவில்லை. ஆனால் 'இந்த ஆசை என்னை ஆளக் கூடாது' என்று சொல்ல ஒரு காரணம் வேண்டும். காரணம் கேட்பதும், காரணம் சொல்வதும், மனத்தைச் சென்ற இடத்துக்கெல்லாம் செல்லவிடாமல் பிடிப்பதும் அறிவின் வேலை.

'ஹியூம் இரக்கத்தை நம்பினார், அது போதாதா?' என்றும் கேட்டார்கள். இரக்கம் பெரிய விஷயம்தான். ஆனால் பக்கத்தில் இருப்பவருக்காக நெஞ்சு பதறுகிற அளவு தொலைவில் இருப்பவருக்காகப் பதறுவதில்லை என்று ஹியூமே ஒப்புக்கொள்கிறார். அதனால் நிலையான, பொதுவான ஓர் இடத்தில் நின்று பார்த்து அதைத் திருத்திக்கொள்கிறோம் என்கிறார். நடுவர் அவர்கள் இதைக் குறித்துக்கொள்ள வேண்டும். உணர்ச்சி என்ற எஜமானின் தவறை அறிவு என்ற அடிமை திருத்துகிறது என்றால், அங்கே யார் எஜமான், யார் அடிமை?

1762-இல் தத்துவஞானி ரூசோ எழுதினார்: வெறும் ஆசையின் உந்துதலில் நடப்பது அடிமைத்தனம், தனக்குத் தானே விதித்துக்கொண்ட சட்டத்துக்குக் கீழ்ப்படிவதே சுதந்திரம். கோனிக்ஸ்பெர்க் நகரத்துத் தத்துவப் பேராசிரியர் இம்மானுவேல் கான்ட் 1785-இல் இந்தக் கருத்தையே தன் அறவியலுக்கு அடித்தளமாக்கினார். திருப்பித் தர முடியாது என்று தெரிந்தே 'தந்துவிடுகிறேன்' என்று சொல்லிக் கடன் கேட்பவரை அவர் உதாரணம் காட்டுகிறார். அந்த வழியை எல்லோரும் எடுத்தால் 'வாக்கு' என்ற ஒன்றே மிஞ்சாது. அவர் கொடுக்கும் பொய் வாக்கைக்கூட நம்ப ஆள் இருக்காது. அப்படியானால் அவர் கேட்பது சுதந்திரம் இல்லை. ஊருக்கு ஒரு சட்டம், தனக்கு மட்டும் ஒரு விலக்கு. கான்ட் சொன்ன எல்லாவற்றையும் நான் ஏற்கவில்லை. துரத்தி வரும் கொலைகாரனிடம்கூடப் பொய் சொல்லக் கூடாது என்று 1797-இல் எழுதினாரே, அதை என்னால் ஒப்ப முடியவில்லை. ஆனால் அதை மறுக்கவும் நான் காரணம்தான் சொல்லியாக வேண்டும்.

அடுத்து மூளைச் சோதனை. 1983-இல் அமெரிக்க மூளை ஆய்வாளர் பெஞ்சமின் லிபெட் வெளியிட்டது. கையை அசைக்க வேண்டும் என்ற நினைப்பு வருவதற்குச் சுமார் மூன்றில் ஒரு பங்கு நொடி முன்பே மூளையில் ஆயத்தம் தொடங்கிவிடுகிறது. அதனால் சுதந்திரம் ஒரு பிரமை என்றார் நண்பர். லிபெட் அப்படி முடிக்கவில்லை. அசைவை அந்தக் கடைசி நேரத்திலும் நிறுத்த முடியும் என்றே அவர் கருதினார். தவிர, அங்கே கேட்கப்பட்டது என்ன? எந்தக் காரணமும் இல்லாமல், தோன்றும்போது மணிக்கட்டை அசைக்கச் சொன்னார்கள். காரணத்துக்கு இடமே இல்லாத ஒன்றை வைத்து, காரணம் பார்த்து முடிவெடுக்கும் மனிதனை எப்படி அளப்பது? இரவெல்லாம் தூங்காமல் ஒருவர் எடுக்கும் முடிவு அரை நொடிக்குள் அடங்காது.

இப்போது அந்தப் பெயர். 1961-இல் ஜெருசலேமில் நடந்த விசாரணையில் ஹிட்லரின் நாஜி அதிகாரி அடால்ஃப் ஐக்மன், தான் கான்ட்டின் அறநெறிப்படி வாழ்ந்தவன் என்று சொன்னார். லட்சக்கணக்கான யூதர்களைக் கொலைமுகாம்களுக்கு அனுப்பும் ஏற்பாட்டைக் கவனித்தவர் அவர். 'இதுதான் உங்கள் அறிவின் லட்சணம்' என்று நண்பர் முடித்தார். ஆனால் அந்த வாக்குமூலம் அங்கே முடியவில்லை. விசாரணையை நேரில் பார்த்து எழுதிய சிந்தனையாளர் ஹன்னா ஆரென்ட் மிச்சத்தையும் பதிவு செய்திருக்கிறார். அந்தப் பொறுப்பு தன்னிடம் வந்ததிலிருந்து கான்ட்டின் நெறியைத் தான் கைவிட்டதாகவும், அது தனக்கே தெரியும் என்றும், தன் செயலுக்குத் தான் எஜமான் இல்லை என்று சொல்லி ஆறுதல் தேடிக்கொண்டதாகவும் ஐக்மனே சொல்லியிருக்கிறார்.

அந்த மனிதருக்குக் கணக்குப் போடத் தெரியும். ரயில், நேரம், எண்ணிக்கை எல்லாம் தெரியும். 'எப்படி' என்ற கேள்விக்கு அவரிடம் பதில் இருந்தது. 'செய்யலாமா' என்று கேட்கவில்லை. அதை இன்னொருவர் கையில் கொடுத்துவிட்டார். நண்பர்களே, அறிவை வேலைக்காரனாக மட்டும் வைத்துக்கொண்டால் என்ன ஆகும் என்பதுதான் இது. அவரை எங்கள் பக்கம் தள்ளாதீர்கள். அவர் எங்கள் சாட்சி.

கடைசியாக ஒன்று. கான்ட் 1788-இல் கேட்டது. ஒருவர், 'என் ஆசையை என்னால் அடக்கவே முடியாது' என்கிறார். அந்த ஆசையைத் தீர்த்துக்கொள்ளப் போகும் வீட்டு வாசலிலேயே தூக்குமரம் நட்டு, ஆசை தீர்ந்ததும் உன்னைத் தூக்கிலிடுவோம் என்றால்? அடக்கிவிடுவார், சந்தேகமே இல்லை. ஆனால் இதுவரை ஒரு பயம் இன்னொரு ஆசையை வென்றிருக்கிறது, அவ்வளவுதான். இதை ஹியூமும் ஏற்பார்.

அப்புறம் அதே மனிதரை அரசன் கூப்பிடுகிறான். குற்றமற்ற ஒருவருக்கு எதிராகப் பொய்ச்சாட்சி சொல், இல்லையென்றால் அதே தூக்குமரம் என்கிறான். இப்போது உயிராசையும் பயமும் ஒரே பக்கம் சேர்ந்துவிட்டன. மறுப்பேன் என்று அவரால் உறுதி சொல்ல முடியாமல் போகலாம். என்னாலும் முடியாது. ஆனால் மறுக்க முடியுமா என்று கேட்டால், முடியும் என்று அவர் தயங்காமல் ஒப்புக்கொள்வார் என்கிறார் கான்ட். மறுக்க வேண்டும் என்று அவருக்குத் தெரிகிறது; அதனால்தான் முடியும் என்பதும் தெரிகிறது.

எதிரணியில் அடுத்துப் பேச வருபவரிடம் கேட்கிறேன். அந்த அரசன் முன்னால் நீங்கள் நிற்கிறீர்கள். 'முடியவே முடியாது, என் ஆசை என்னை விடாது' என்று இந்த மேடையில் சொல்ல உங்களுக்கு மனம் வருமா?

நன்றி, வணக்கம்.