எரிகோ மதிலைக் கட்டியது யார்?

நடுவர் அவர்களுக்கும் அவையோருக்கும் வணக்கம்.

1934-இல் வந்த ஹாலிவுட் படம் 'இட் ஹேப்பண்ட் ஒன் நைட்' வென்றது நட்சத்திரங்களாலா, திரைக்கதையாலா என்பது தலைப்பு. நாயகன் கிளார்க் கேபிளும் நாயகி கிளாடெட் கோல்பர்ட்டும் இல்லாவிட்டால் படமே இல்லை என்று எதிரணியில் அடித்துப் பேசினார்கள். இருவருக்கும் ஆஸ்கர் கிடைத்ததையும் சொன்னார்கள். திரைக்கதை எழுதிய ராபர்ட் ரிஸ்கினும் அதே இரவில் ஆஸ்கர் வாங்கினார் என்பதை ஏனோ விட்டுவிட்டார்கள்.

கதை தெரியாதவர்களுக்காக இரண்டு வரி. கோடீஸ்வரர் மகள் எல்லி, தன் திருமணத்தை ஏற்காத அப்பாவின் படகிலிருந்து மயாமியில் குதித்துத் தப்பி, நியூயார்க் பஸ்ஸில் ஏறுகிறாள். அதே பஸ்ஸில் வேலை பறிபோன பத்திரிகைக்காரன் பீட்டர்.

மூலச் சிறுகதையில் நாயகன் பத்திரிகைக்காரன் இல்லை. மாற்றியது படத்துக்காக. அந்த ஒரு மாற்றம் எத்தனை வேலை பார்க்கிறது, கவனியுங்கள். முன்பின் தெரியாதவன் ஒரு பெண்ணோடு நாள்கணக்கில் ஏன் ஒட்டிக்கொண்டு போக வேண்டும்? அவள் முதல் பக்கச் செய்தி; அவனுக்கு வேலை வேண்டும். காரணம் கிடைத்துவிட்டது. கடைசிப் பிரிவும் இதே தொழிலிலிருந்துதான் பிறக்கிறது. அவளை மணக்கக் கையில் காசு வேண்டுமே என்று, அவள் தூங்கும்போது செய்தியை விற்கப் போகிறான். கண்விழித்தவள் கைவிட்டுப் போய்விட்டான் என்று நினைக்கிறாள். அவனுக்கு வேறு தொழில் இருந்திருந்தால் இந்தப் பிரிவுக்குத் தற்செயலைத்தான் தேடியிருக்க வேண்டும்.

கார் நிறுத்தும் காட்சியை எதிரணி கொண்டாடியது. கோல்பர்ட் பாவாடையை உயர்த்தியதும் கார் நிற்கிறதே, அது நட்சத்திர வசீகரம் என்றார்கள். அதற்கு முன்னால் நடப்பதைப் பாருங்கள் ஐயா! டோனட்டைக் காபியில் எப்படி முக்குவது என்று அவளுக்குப் பாடம் எடுக்கிறான். முதுகில் தூக்கிப்போவது எப்படி என்பதற்கும் பாடம். அடுத்தது வழியில் போகும் காரை நிறுத்தி ஏறிக்கொள்ளக் கட்டைவிரல் காட்டும் விதங்கள். காட்டிக் காட்டிக் கை ஓய்கிறது, ஒரு காரும் நிற்கவில்லை. இத்தனை பாடத்தையும் கேட்டுக்கொண்டிருந்தவள் என்பதால்தான் அவள் ஜெயிக்கும்போது அரங்கம் அதிர்கிறது. முன்னே உள்ள பாடங்களை வெட்டிவிட்டால் மிஞ்சுவது ஒரு காலும் ஒரு காரும்தான்.

இனி போர்வை. மழையில் பாதை அடைபட, ஒரே அறை, இரண்டு கட்டில். பீட்டர் நடுவே கயிறு கட்டிப் போர்வையைத் தொங்கவிட்டு, இது எரிகோ மதில் என்கிறான். பைபிளில் யோசுவாவின் படை எக்காளம் ஊத இடிந்து விழுந்த மதில் அது. யோசுவாவைப் போலத் தன்னிடம் எக்காளம் இல்லை, பயப்படாதே என்கிறான். முதல் இரவில் அந்தப் போர்வை அவளுக்குப் பாதுகாப்பு. பின்னொரு இரவில் அவளே அதைத் தாண்டி வந்து காதலைச் சொல்கிறாள். அவன் தயங்க, அழுதுகொண்டே திரும்பிப் போகிறாள். இந்த இரண்டாம் இரவு இல்லாவிட்டால் எக்காளம் வெறும் வேடிக்கைப் பேச்சாகவே நின்றிருக்கும். தாண்டியும் விழாத மதில் என்பதால்தான் அது எப்போது விழும் என்று நாம் காத்திருக்கிறோம்.

நடுவர் அவர்களே, கடைசிக் காட்சியில் நாயகன் முகமும் இல்லை, நாயகி முகமும் இல்லை! வாடகைக் குடிலுக்கு வெளியே அதை நடத்தும் வயதான தம்பதி நிற்கிறார்கள். கயிறும் போர்வையும் எதற்கு, பொம்மை எக்காளம் எதற்கு என்று புரியாமல் பேசிக்கொள்கிறார்கள். உள்ளிருந்து எக்காளச் சத்தம். போர்வை தரையில் விழுகிறது. விளக்கு அணைகிறது. நட்சத்திரங்களால் வென்ற படம் என்றால் உச்சக்கட்டத்தில் அவர்களைக் காட்டாமல் முடிக்க எந்த இயக்குநருக்குத் துணிவு வரும்? பிராங்க் காப்ராவுக்கு வந்தது. போர்வைக்குள் எழுத்து அவ்வளவையும் ஏற்றி வைத்திருந்ததால் வந்தது.

'அவ்வளவு நல்ல எழுத்தென்றால் நாயகி வேடத்தை நடிகை மிர்னா லோய் ஏன் மறுத்தார்?' என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. தன்னிடம் வந்த பிரதி வேறு, படமானது வேறு என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். எழுத்தைத் திருத்தியதும் படத்தின் தலைவிதி மாறியது என்றால், அது எங்கள் கட்சிக்குத்தான் சாட்சி.

இன்னொன்று. 1956-இல் நம் ஏவி.எம். நிறுவனம் இதே கதைப்போக்கில் இந்தியில் 'சோரி சோரி' எடுத்தது. கேபிள் இல்லை, கோல்பர்ட் இல்லை. ராஜ் கபூரும் நர்கிஸும். சங்கர்–ஜெய்கிஷன் பாடல்களுக்குப் பெரும் பங்கு உண்டு, மறுக்கவில்லை. ஆனால் நாடு மாறி, மொழி மாறி, முகம் மாறிய பிறகும் நின்றது கதையின் கட்டுமானம்தானே? தீர்ப்பைத் திரைக்கதைக்கே வழங்குமாறு கேட்டு அமர்கிறேன்.