பெர்லின்ல ஜெயிச்ச இந்த நடிகையை உங்களுக்குத் தெரியுமா?

1986. பிப்ரவரியில பெர்லின் திரைப்பட விழாவுல சிறந்த நடிகை விருது, மே மாசம் கான்ஸ் திரைப்பட விழாவுல சிறந்த நடிகை விருது. ரெண்டு மேடையிலயும் விருதைப் பகிர்ந்துகிட்ட ரெண்டு பேர்ல ஒருத்தங்க பிரேசில்காரங்க! கான்ஸ்ல வாங்கின ஃபெர்னாண்டா டோரஸை உங்களுக்குத் தெரியும். 'ஐ ஆம் ஸ்டில் ஹியர்' படத்துக்காக 2025 ஆஸ்கர்ல நாமினேஷன் ஆனாங்களே, அவங்கதான். பெர்லின்ல வாங்கினது யாரு? கூகுள் பண்ணாம சொல்லுங்க பார்ப்போம்.

மார்சேலியா கார்டாஷோ.

பயோடேட்டாவை வேகமா முடிச்சிடுறேன். 1963-ல பிறந்தாங்க. ஊர் கஜசெய்ராஸ், பிரேசிலோட வடகிழக்குல பரைபா மாநிலத்து வறண்ட சீமை. ஊர் நாடகக் குழுவுல நடிச்சிட்டு இருந்த பொண்ணை மேடையில பார்த்துப் பிடிச்சவங்க இயக்குநர் சுசானா அமரல். ஒன்பது பிள்ளை பெத்தவங்க, ஐம்பது தாண்டி முதல் முழுநீளப் படம் எடுக்குறாங்க. அவங்களுக்குத் தனி வீடியோவே போடலாம்.

படம் 1985-ல வந்த 'எ ஹோரா டா எஸ்ட்ரெலா'. பிரேசில் எழுத்தாளர் கிளாரிஸ் லிஸ்பெக்டரோட நாவல். வடகிழக்குல இருந்து பெருநகரத்துக்குப் பிழைக்க வந்த மக்காபியாங்கிற டைப்பிஸ்ட். டைப்பிங்கும் சுமார்தான், பேப்பர் முழுக்க அழுக்கு. சாப்பாடு ஹாட்டாக், கோக். ரேடியோவுல வர்ற துண்டுத் துண்டு பொது அறிவைக் கேட்டுட்டு வந்து காதலன்கிட்ட சந்தேகம் கேப்பா. அவனுக்கும் தெரியாது, அதனால எரிஞ்சு விழுவான். (நமக்குத் தெரிஞ்ச சில பேர் ஞாபகம் வருதா? எனக்கு வருது.)

இந்த மாதிரி கேரக்டர் கிடைச்சா நம்மாளுங்க கண்ணீரை வாளி வாளியா ஊத்தியிருப்பாங்க. மார்சேலியா அழவே இல்லைன்னு சொல்லல, ஆனா நம்மகிட்ட பரிதாபம் கேக்க மாட்டாங்க. திட்டினா மன்னிப்பு கேட்டுட்டு அப்படியே நிப்பாங்க. ரூம்ல யாரும் இல்லாதப்ப கண்ணாடி முன்னாடி போர்வையைச் சுத்திக்கிட்டு ஆடுறப்போ மட்டும் அந்த முகம் வேற முகம். அந்த ஒரு சீனுக்கே கொடுக்கலாம் விருதை!

இப்போ நான் சொல்லத் துடிச்சிட்டு இருந்த மேட்டர். படத்துல மக்காபியா ஒரு ஜோசியக்காரிகிட்ட போவா. அந்தம்மா கார்டை விரிச்சு, உனக்குப் பெரிய வாழ்க்கை காத்திருக்குன்னு அடிச்சு விடுவாங்க. அந்த ஜோசியக்காரி யாரு தெரியுமா? ஃபெர்னாண்டா மான்டிநீக்ரோ! பிரேசில் நடிப்புலகத்தோட பெரியம்மா. அதுவும் இல்லாம, கான்ஸ்ல ஜெயிச்ச ஃபெர்னாண்டா டோரஸோட சொந்த அம்மா! எதிர்ல உக்காந்து ஜோசியம் கேட்ட புதுமுகம் 22 வயசுல பெர்லின் விருதைத் தூக்கிட்டுப் போயாச்சு. அதே விருது ஜோசியக்காரி கைக்கு வர 12 வருஷம் ஆச்சு, 1998-ல 'சென்ட்ரல் ஸ்டேஷன்' படத்துக்கு. ஜோசியம் பலிச்சுது, ஆள்தான் மாறிப் போச்சு!

அப்புறம் என்ன ஆச்சு? என் கருத்து இது, சண்டைக்கு வராதீங்க: அந்த முகத்தை வச்சு என்ன பண்றதுன்னு பிரேசில் சினிமாவுக்குத் தெரியல. டிவி, துணை வேடங்கள்னு போச்சு. 2002-ல வந்த 'மதாம் சத்தா'வுல லாரிட்டாவா பின்னியிருப்பாங்க.

2019-ல 'பக்கரெத்தே'. சின்ன ஊர்ல வாழுற வயசான பாலே டான்ஸர். வாசல் நடைபாதையைக் கூட்டிக்கிட்டே போறவன் வர்றவன் எல்லாரையும் திட்டுற கெழவி. ஊர் விழாவுல தான் ஆடியே தீரணும்னு நகராட்சியைப் படுத்தி எடுப்பாங்க. மன்னிப்பு கேட்டுக்கிட்டே நின்ன அதே நடிகையா இதுன்னு இருக்கும். கிராமாடோ திரைப்பட விழாவுல படத்துக்கு 8 விருது, சிறந்த நடிகையும் அதுல ஒண்ணு.

'எ ஹோரா டா எஸ்ட்ரெலா', 'பக்கரெத்தே' ரெண்டுல எதை முதல்ல பார்க்குறதுன்னு கேட்டா, 'பக்கரெத்தே'ன்னுதான் சொல்லுவேன். பார்த்துட்டு கமென்ட்ல வந்து திட்டுங்க, அந்தம்மா ஸ்டைல்லயே!