ஒளிரும் உயிர், பின்னோக்கி வளரும் உடல்

நேயர்களுக்கு வணக்கம். கடலுக்குள் ஒளிவிடும் ஓர் உயிர், அதற்குக் காலத்தையே திருப்பிவிடும் சக்தி. இப்படி ஒரு கற்பனைப் பிராணியைப் பற்றிப் பேசச் சொல்லி நிலையத்தில் கேட்டார்கள். சரி என்றேன். ஆனால் கற்பனையை அதிகம் செலவழிக்கப் போவதில்லை. கிட்டத்தட்ட அதே மாதிரி ஒன்று கடலில் நிஜமாகவே இருக்கிறது, அதுவும் ஒரு கடல் முழுக்க மீனவர்கள் பிழைப்பில் மண்ணைப் போட்ட ஒன்று.

காலம் என்றதும் பலருக்கு நினைவு வருவது ‘சாகாத ஜெல்லிமீன்’, அதாவது டூரிடாப்சிஸ் டோர்னி. சுண்டுவிரல் நகத்தைவிடச் சிறியது. அடிபட்டாலோ பட்டினி கிடந்தாலோ குடை சுருங்கி, உணர்கொம்புகள் கரைந்து, ஒரு சின்ன உருண்டையாகித் தரையில் ஒட்டிக்கொள்ளும். அதிலிருந்து பழையபடி பாலிப் என்ற இளம் பருவம் முளைக்கும். இத்தாலியக் கடலோரத்தில் பிடித்தவற்றை வைத்து 1990களில் இதை விளக்கினார்கள். ஆனால் நம் கதைக்கு இது போதாது, ஏனென்றால் இது ஒளிராது. இணையத்தில் சுற்றும் படங்களில் மின்னுவதெல்லாம் படம் எடுத்தவர் வைத்த விளக்கு.

ஒளிக்கு வேறு ஆள். அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் ஃப்ரைடே ஹார்பர் என்ற இடம், 1961 கோடைக்காலம். ஜப்பானிய வேதியியலாளர் ஒசாமு ஷிமோமுரா அங்கே ஈகோரியா என்ற ஜெல்லிமீன்களை வாரி வாரிப் பிழிந்துகொண்டிருந்தார். சாறு மங்கலாகத்தான் ஒளிர்ந்தது. சலித்துப்போய் ஒருநாள் சிங்க்கில் கொட்டினார், சிங்க்கின் உட்புறம் முழுக்கப் பளிச்சென்று நீலம்! தொட்டியிலிருந்து வழிந்த கடல்நீர் அந்த சிங்க்கில் போய்க்கொண்டிருந்தது. அதிலிருந்த கால்சியம்தான் ஒளியைத் தூண்டியிருக்கிறது. இந்த வேலையின் கூடவே கிடைத்த, பச்சையாக ஒளிரும் ஒரு புரதத்துக்காக 2008இல் அவருக்கும் வேறு இருவருக்கும் வேதியியல் நோபல் பரிசு. ஆனால் இந்த ஜெல்லிமீனுக்கும் காலத்துக்கும் சம்பந்தமில்லை.

இரண்டும் ஒரே உடம்பில் இருப்பது சீப்பு ஜெல்லியிடம். பெயர் நிமியாப்சிஸ். ஜெல்லிமீனுக்கு இது நெருங்கிய உறவுகூட இல்லை, தனி வம்சம். ஐஸ்கட்டி மாதிரித் தெளிவான உடம்பு, அதில் எட்டு வரிசையாக நுண்ணிய சீப்புகள். அவை துடிக்கும்போது வெளிச்சம் சிதறி வானவில் ஓடும், அதைப் பார்த்துத்தான் பலர் ஒளிர்கிறது என்கிறார்கள். உண்மையான ஒளி வேறு. இருட்டில் வைத்து லேசாகத் தொட்டால் சீப்பு வரிசைகளை ஒட்டி நீலப்பச்சையாக மின்னல் ஓடும். பகல் வெளிச்சம் பட்ட உடனே தொட்டால் ஒன்றும் வராது, கொஞ்ச நேரம் இருட்டில் கிடந்தால்தான் ஒளி தரும் புரதம் மறுபடி தயாராகும்.

அப்புறம் காலம். நார்வேயின் பெர்கன் பல்கலைக்கழக ஆய்வுக்கூடத் தொட்டியில் ஒரு வளர்ந்த சீப்பு ஜெல்லி இருந்த இடத்தில் குஞ்சு ஒன்று இருந்ததைக் கவனித்தார்கள். யாரோ மாற்றிவிட்டார்களா, இல்லை அதுவே இதுவா? வளர்ந்தவற்றைப் பட்டினி போட்டார்கள், சிலவற்றின் இதழ் போன்ற பெரிய மடல்களை வெட்டினார்கள், பிறகு மெல்லத் தீனி கொடுத்துப் பார்த்தார்கள். சில விலங்குகள் சுருங்கி, மடல்கள் மறைந்து, சின்ன வயதில் தொலைத்த இரண்டு உணர்கொம்புகள் மறுபடி முளைத்து, இரையைக் குஞ்சு பிடிக்கிற மாதிரியே பிடிக்க ஆரம்பித்தன. 2024இல் வெளியான முடிவு இது. எனக்கு இதில் வியப்பு உருவம் மாறியதில்கூட இல்லை, சாப்பிடும் பழக்கமும் கூடவே திரும்பியதில்தான்.

காலத்தைத் திருப்புகிறது என்பது கொஞ்சம் மிகைதான். காலம் பாட்டுக்குக் காலம் ஓடுகிறது, உடம்பு மட்டும் பின்னால் நடக்கிறது, அதுவும் பசி துரத்தினால்தான். நீங்கள் கதை எழுதுகிறவராக இருந்தால் இந்த நிபந்தனையை விட்டுவிடாதீர்கள். கைசொடுக்கினால் இளமை திரும்பும் பிராணியைவிட, பட்டினி கிடந்து குழந்தையாகும் பிராணியிடம் கதை அதிகம். இன்னொன்று, இரை தீர்ந்துபோனால் இவை தம் குஞ்சுகளையே தின்றுவிடுவதும் உண்டு. அன்பான கடல் தேவதையை எதிர்பார்த்தவர்கள் மன்னிக்கவும்.

நிமியாப்சிஸின் சொந்த ஊர் அட்லாண்டிக்கின் அமெரிக்கக் கரை. சரக்குக் கப்பல்கள் ஆட்டம் காணாமலிருக்க அடியில் நிரப்பிக்கொண்டு போகும் நீரில் தொற்றிக்கொண்டு 1980களில் கருங்கடலுக்குப் போய்ச் சேர்ந்தது. அங்கே மீன்களின் தீனியையும் முட்டையையும் சேர்த்து விழுங்கியது. மீனவர்கள் ஏற்கெனவே அளவுக்கு மிஞ்சி மீனை அள்ளிக்கொண்டிருந்தார்கள், அதோடு இதுவும் சேர, பத்தாண்டு முடிவதற்குள் நெத்திலி வரத்து சரிந்தது. விஷம் வைக்கவும் முடியாது, வலை போட்டு அள்ளவும் முடியாது, அள்ளினால் கூழாகிவிடும். கடைசியில் 1997இல் பெரோயி என்ற இன்னொரு சீப்பு ஜெல்லி கருங்கடலுக்கு வந்து சேர்ந்தது. அதன் உடம்பில் பெரும்பகுதி வாய்தான், தீனியோ பெரும்பாலும் சக சீப்பு ஜெல்லிகள். குஞ்சாகத் திரும்பி மறுபடி வளர நிமியாப்சிஸுக்கு நாள் கணக்கில் அவகாசம் வேண்டும், பெரோயி முழுசாக விழுங்கிவிட்டுப் போய்க்கொண்டே இருக்கும்.