பேறுகால ரத்தப்போக்கு: யாருக்காகவும் காத்திருக்க வேண்டாம்

(குளச்சல் பக்கத்துக் கடற்கரை ஊர் ஒன்றில், பெண்கள் கூட்டத்தில் மகப்பேறு மருத்துவர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)

அம்மாமாரே, மைனிமாரே, பின்னால் நிற்கிற ஆண்களே, எல்லோருக்கும் வணக்கம். ஆண்கள் கொஞ்சம் முன்னால் வந்து உட்கார்ந்தால் நல்லது. இன்றைக்குப் பேசப்போவதில் பாதி உங்களுக்குத்தான்.

நேராக விஷயத்துக்கு வருகிறேன். நிறைமாதத்தில் கர்ப்பப்பைக்கு நிமிடத்துக்கு அரை லிட்டருக்கும் மேல் ரத்தம் பாய்கிறது. கர்ப்பிணியின் உடம்பில் மொத்தம் இருப்பதே ஐந்து, ஆறு லிட்டர்தான். குழந்தை பிறந்து நஞ்சுக்கொடி பிரிந்ததும், அது ஒட்டியிருந்த இடத்தில் ரத்தக்குழாய்கள் வாய் திறந்து நிற்கும். அவற்றை அடைப்பது கர்ப்பப்பையின் தசை. சுருக்குமடியின் கயிற்றை இழுத்தால் வலையின் வாய் இறுகுமே, அந்த மாதிரி தசைநார்கள் குழாய்களைச் சுற்றி இறுகும். இறுகவில்லையென்றால் என்ன ஆகும் என்று நீங்களே கணக்குப் போட்டுப் பாருங்கள். காய்ச்சலுக்கும் வயிற்றுவலிக்கும் 'விடியட்டும், பார்க்கலாம்' என்று நாம் கொடுக்கிற அவகாசத்தை இதற்குக் கொடுக்க முடியாது.

ஆனால் நம் ஊரில் அவகாசம் எடுக்கத்தான் செய்கிறோம். மாப்பிள்ளை ஆழ்கடலுக்குப் போயிருப்பார். தூத்தூர், வள்ளவிளைப் பக்கம் போனால் வாரக்கணக்கில் கடலிலேயே இருக்கிற ஆட்கள் உண்டு, போன் கிடைக்காது. இங்கே பெண்ணுக்கு ரத்தம் போய்க்கொண்டிருக்கும். 'அவன்கிட்ட ஒரு வார்த்தை கேட்கணுமே' என்று மாமியார் நிற்பார். 'மாமனார் வரட்டும்' என்று இன்னொருவர் சொல்வார். அறுவை சிகிச்சைக்கு வயது வந்த பெண்ணின் கையெழுத்தே சட்டப்படி போதும், கணவரின் கையெழுத்து கட்டாயமில்லை. கடலுக்குப் போகிற ஆண்கள் வள்ளம் ஏறும் முன்பே வீட்டில் சொல்லிவிட்டுப் போங்கள்: 'ஒன்று என்றால் என்னைத் தேடாதே, 108-ஐக் கூப்பிடு.'

சரி, எந்த ரத்தம் எதைச் சொல்கிறது என்று பார்ப்போம். முதல் மூன்று மாதத்தில் ஏறக்குறைய நான்கு பேரில் ஒருவருக்குக் கொஞ்சமாவது ரத்தம் படும். அதில் பலருக்குக் கர்ப்பம் நல்லபடியாகவே தொடரும். ஆகவே பயந்து அழ வேண்டாம், ஆனால் ஸ்கேன் பார்க்காமலும் இருக்க வேண்டாம். கரு கர்ப்பப்பைக்குள் இருக்கிறதா, கருக்குழாயில் தங்கிவிட்டதா என்று தெரிய வேண்டும். குழாயில் வளரும் கரு வெடித்தால் ரத்தம் வயிற்றுக்குள்ளேயே கொட்டும், வெளியே தெரிவது கொஞ்சம்தான். அடிவயிற்றில் ஒரு பக்கமாக வலி, தலைசுற்றல், தோள்பட்டையில் வலி என்று வந்தால் நேரே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். நெகட்டிவ் ரத்தவகைப் பெண்கள் எந்த மாதத்தில் ரத்தம் பட்டாலும் அதை மருத்துவரிடம் சொல்ல வேண்டும். குழந்தையின் ரத்தத்துக்கு எதிராகத் தாயின் உடம்பு திரும்பாமல் காக்கிற ஆன்டி-டி ஊசி தேவைப்பட்டால் 72 மணி நேரத்துக்குள் போடுவது நல்லது.

ஆறு, ஏழு மாதத்துக்கு மேல் போகிற ரத்தம் வேறு ரகம். நஞ்சுக்கொடி கர்ப்பப்பையின் வாயை மூடிக்கொண்டு கீழே இருந்தால், வலியே இல்லாமல் சிவப்பாகப் போகும். வலியில்லையே என்று வீட்டில் இருந்துவிடுவதுதான் இதிலுள்ள ஆபத்து. ஸ்கேனில் பார்க்கும் வரை யாரும் உள்பரிசோதனை செய்யக் கூடாது, கை பட்டாலே ரத்தம் பீறிடலாம். முன்பு சிசேரியன் ஆனவர்களுக்கு நஞ்சுக்கொடி பழைய தழும்பில் வேர்விட்டதுபோல் ஒட்டிக்கொள்ளும் அபாயமும் உண்டு. 2019-21 தேசியக் குடும்ப நல ஆய்வின்படி தமிழ்நாட்டில் நூற்றுக்கு 45 பிரசவம் சிசேரியன். தேவையில்லாத முதல் சிசேரியன் அடுத்த பிள்ளைக்கும் சேர்த்து ஆபத்தைக் கொண்டுவருகிறது என்பதை மருத்துவர்களாகிய நாங்களும் மனதில் வைக்க வேண்டும்.

இன்னொன்று, நஞ்சுக்கொடி முன்கூட்டியே பிரிந்துவிடுவது. வயிறு இறுகிக் கெட்டியாகி, இடைவிடாமல் வலிக்கும், குழந்தையின் அசைவு குறையும். ரத்த அழுத்தம் கூடியவர்களுக்கு அதிகம் வரும். வயிற்றில் அடி பட்டாலும் வரும். அந்த அடி எப்படிப் பட்டது என்பதை எங்களிடம் மறைக்காதீர்கள் மக்களே.

இனி பிரசவம். குழந்தை பிறந்தபின் அரை லிட்டருக்கு மேல் ரத்தம் போனால் அது அதிகப்படியான போக்கு. பத்தில் ஏழு பேருக்குக் காரணம் கர்ப்பப்பை சுருங்காததுதான். இரட்டைப் பிள்ளை, பெரிய குழந்தை, நீண்டு போன வலி எல்லாம் அந்தத் தசையைக் களைக்க வைக்கும். நஞ்சுக்கொடியின் துண்டு உள்ளே தங்குவது, கிழிசல், ரத்தம் உறையாமை என்பவை மற்ற காரணங்கள். அதனால்தான் குழந்தை வந்த உடனேயே தாயின் தொடையில் ஆக்ஸிடோசின் ஊசி போடுகிறோம். அப்புறம் செவிலியர் தொப்புளுக்குக் கீழே கை வைத்துப் பார்ப்பார். பந்து மாதிரி திரண்டு கையில் பட்டால் நல்லது. கொழகொழவென்று இருந்தால் அங்கேயே தேய்த்துச் சுருங்க வைப்பார், சிறுநீர்ப்பையைக் காலி செய்வார்.

எவ்வளவு போயிருக்கிறது என்பதில்தான் எங்கள் கண்ணே எங்களை ஏமாற்றும். துணியிலும் மெத்தையிலும் ஊறியதைப் பார்த்துச் சொல்கிற கணக்கு பெரும்பாலும் குறைவாகவே இருக்கும். பெண்ணும் பேசிக்கொண்டிருப்பாள். நாடித்துடிப்பு ஏறும், ரத்த அழுத்தம் கடைசியில்தான் விழும். இப்போது தாயின் அடியில் விரிக்க, அளவுக்கோடு போட்ட பிளாஸ்டிக் பை வந்திருக்கிறது. அதைக் கொண்டு அளந்து, தேய்த்தல், மருந்துகள், நரம்பில் ஏற்றும் டிரிப், பரிசோதனை என்று எல்லாச் சிகிச்சையையும் ஒன்றாக உடனே கொடுத்துப் பார்த்த பெரிய ஆய்வு நான்கு ஆப்பிரிக்க நாடுகளில் நடந்து 2023-இல் வெளியானது. கடும் ரத்தப்போக்கும் அதன் மோசமான விளைவுகளும் 60 சதவீதம் குறைந்தன. மிக விலையுயர்ந்த கருவி எதுவும் இல்லை, அளந்ததும் தாமதிக்காததும்தான்.

ரத்தப்போக்கைக் குறைக்க டிரனெக்ஸாமிக் அமிலம் என்றொரு ஊசி இருக்கிறது. ஜப்பானில் உட்டாகோ ஒகமோட்டோவும் அவர் கணவரும் 1962-இல் கண்டுபிடித்தது. பிள்ளை பெற்றவர்களுக்கு அது உதவும் என்று அந்த அம்மா ஆரம்பத்திலிருந்தே நம்பினார். 21 நாடுகளில் 20,000 பெண்களிடம் சோதித்து, ரத்தப்போக்கால் வரும் சாவை அது குறைக்கிறது என்று 2017-இல்தான் உறுதியானது. அவர் முந்தின ஆண்டே, 98 வயதில் இறந்துவிட்டார். அந்த ஊசியைப் பிரசவமான மூன்று மணி நேரத்துக்குள் போட வேண்டும். ஒவ்வொரு கால்மணி நேரத் தாமதத்துக்கும் பலன் சுமார் பத்து சதவீதம் குறைகிறது. முற்றத்தில் நின்று ஆலோசித்த கால்மணி நேரத்தின் விலை அது.

ஒரே அளவு ரத்தம் போனாலும் ஒருத்தி எழுந்து நடப்பாள், இன்னொருத்தி மயங்கி விழுவாள். ஹீமோகுளோபின்தான் வித்தியாசம். முன்பு சொன்ன தேசியக் குடும்ப நல ஆய்வில் தமிழ்நாட்டுக் கர்ப்பிணிகளில் ஏறக்குறைய பாதிப் பேருக்கு ரத்தசோகை. எழுத்தறிவில் மாநிலத்திலேயே முதலாக நிற்கிற நம் மாவட்டத்திலும், இரும்புச்சத்து மாத்திரையை வாங்கி அலமாரியில் வைக்கிற பெண்களை நான் பார்க்கிறேன். மலம் கறுப்பாகப் போகிறது, வயிற்றைப் புரட்டுகிறது என்பார்கள். கறுப்பாகப் போவதில் தப்பில்லை. புரட்டினால் இரவில் சாப்பாட்டுக்குப் பின் போடுங்கள், எலுமிச்சைச் சாறோடு போடுங்கள், தேயிலையோடு மட்டும் வேண்டாம். ஹீமோகுளோபின் ஏழுக்குக் கீழே இருந்தால் மாத்திரையை நம்பி இருக்காமல் ஆஸ்பத்திரிக்கு வர வேண்டும். மீன் வந்து இறங்குகிற ஊரில் கர்ப்பிணியின் தட்டில் மீன் துண்டு விழுகிறதா என்று மாமியார்கள் பார்க்க வேண்டும். கடைசியாகச் சாப்பிட உட்காருகிறவளுக்குச் சட்டியில் குழம்பு மட்டுமே மிஞ்சுகிறது.

ஏழாம் மாதத்திலேயே வீட்டில் உட்கார்ந்து பேசி முடிவு செய்யுங்கள். எந்த ஆஸ்பத்திரி, இரவில் வண்டி யாருடையது, ரத்தம் கொடுக்க யார். சுகப்பிரசவம்தான் என்று சொல்லியிருந்தாலும் பேசுங்கள். 18 வயது தாண்டி, 45 கிலோவுக்கு மேல் இருக்கிற ஆரோக்கியமான ஆண் மூன்று மாதத்துக்கு ஒருமுறை ரத்தம் கொடுக்கலாம், பெண் நான்கு மாதத்துக்கு ஒருமுறை. வள்ளத்தில் போகிறவரை நம்பாமல், கரையில் இருக்கிற இரண்டு பேரின் எண்ணை எழுதி வையுங்கள். ஆசாரிப்பள்ளம் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிக்குப் போனாலும் களியக்காவிளை தாண்டித் திருவனந்தபுரம் போனாலும் ஸ்கேன் தாளும் ரத்தவகை எழுதிய அட்டையும் கையில் இருக்கட்டும். பேச்சிப்பாறை அணையைப் படகில் கடந்து வர வேண்டிய மலைக்குடியிருப்புப் பெண்களுக்கு நான் சொல்வது, தேதிக்கு முன்பே கீழே வந்து உறவினர் வீட்டிலோ ஆஸ்பத்திரியிலோ தங்குங்கள் என்பதே.

கடைசியாக, தாய்வீட்டுக்கு வந்தபின் போகிற ரத்தம். 'கெட்ட ரத்தம்தானே, போகட்டும்' என்று அம்மாக்கள் சொல்வார்கள். முதல் சில நாள் சிவப்பாகப் போய், நாளாக ஆக நிறம் வெளுத்துக் குறைவது இயல்பு. குறைந்தது திரும்பச் சிவப்பாகக் கூடினால், ஒரு மணி நேரத்தில் ஒரு பேட் முழுக்க நனைந்தால், பெரிய ரத்தக்கட்டி விழுந்தால், காய்ச்சலோடு துர்நாற்றம் வந்தால், வேதுக்குளியும் மருந்துக்கஞ்சியும் இருக்கட்டும், அன்றைக்கே கூட்டிக்கொண்டு வாருங்கள். துண்டு உள்ளே தங்கியிருக்கலாம், கிருமி தொற்றியிருக்கலாம். பிள்ளை பெற்று 12 வாரம் வரை இது வரலாம். வரும்போது நனைந்த பேடுகளை ஒரு கவரில் போட்டுக் கொண்டு வாருங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை, எவ்வளவு போயிருக்கிறது என்று அதை வைத்துத்தான் நாங்கள் பார்ப்போம்.