அசைவைப் பிரேமில் எண்ணுவோம்

நண்பர்களே, இசையும் உடலும் மட்டுமே பேசும் குறும்படத்தில் கதையோ வசனமோ கைகொடுக்காது. பார்ப்பவரைப் பிடித்து நிறுத்துவது லயம் ஒன்றுதான். அசைவு தாளத்தோடு சேர வேண்டுமானால், கேமராவைத் தொடும் முன்பே இசையின் வேகத்தை முடிவு செய்துவிடுங்கள்.

வினாடிக்கு 24 பிரேம், அதாவது 24 ஒற்றைப் படங்கள், என்று வைத்துக்கொள்வோம். நிமிடத்துக்கு 120 தாள அடி (பீட்) விழும் இசையில் ஓர் அடிக்கு 12 பிரேம். 96 அடி என்றால் 15. ஆனால் 100 அடி என்றால் 14.4 வருகிறது, பிரேமைப் பின்னமாக வெட்ட முடியாதே! அடிக்கு ஒரு ஷாட், ஷாட்டுக்கு 14 பிரேம் என்றே வெட்டிக்கொண்டு போனால், பத்து அடிக்குள் படம் இசையை 4 பிரேம் முந்திவிடும்.

ஒலிபெருக்கியை ஆடுபவர்களுக்கு அருகிலேயே வையுங்கள். ஒலி ஒரு பிரேம் நேரத்தில் ஏறத்தாழ 14 மீட்டர்தான் போகும். அதற்கும் தள்ளி நிற்பவர் தாமதமாகக் கேட்டு, தாமதமாகவே காலை வைப்பார். கேமராவுக்குள் போகும் இசையை மைக்கில் பிடிக்காமல் கேபிளில் கொடுங்கள்.

ஸ்லோ மோஷனில்தான் பலர் சறுக்குகிறார்கள். 48 பிரேமில் எடுத்து 24-இல் ஓட்டுவதானால், தளத்தில் இசையை இரண்டு மடங்கு வேகத்தில் ஒலிக்கவிட வேண்டும். அப்போதுதான் திரையில் அசைவும் தாளமும் சேரும். கையும் தலையும் அந்த வேகத்துக்கு ஈடுகொடுக்கும். குதிப்பு கொடுக்காது. 30 சென்டிமீட்டர் எழும்பினால் காற்றில் அரை வினாடி. புவியீர்ப்பு நம் இசையைக் கேட்பதில்லை. திரையில் அது ஒரு முழு வினாடியாகும். 120 அடி இசையில் ஓர் அடிக்குள் முடிந்த குதிப்பு, இப்போது இரண்டு அடியை விழுங்கும். நடனத்தை அமைக்கும்போதே அந்த இரண்டு அடியை ஒதுக்கிவிடுங்கள். படத்தொகுப்பில் இதைச் சரிசெய்யப் போனால் குதிப்பு நடுவில் அறுந்து தெரியும்.

அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் மாயா டெரன் 1945-இல் எடுத்த சிறு படத்தில், ஆடுபவர் காட்டில் தூக்கிய காலை ஒரு வீட்டு அறையில் இறக்குவார். எத்தனை அழகான வெட்டு! அப்படி வெட்ட நினைத்தால், இரண்டு இடத்திலும் அசைவைத் தொடக்கம் முதல் முடிவு வரை ஆடச் சொல்லுங்கள். காலின் உயரம், திசை, வேகம் மூன்றும் ஒத்திருக்கட்டும். அசைவு வேகமாக இருக்கும் இடத்தில் வெட்டினால் கண் தாண்டிப் போய்விடும். பாதம் தரையைத் தொடும் பிரேமில் மட்டும் வெட்டாதீர்கள், அடியின் கனம் போய்விடும். தொட்ட பிறகும் நான்கைந்து பிரேம் அந்த ஷாட் நிற்கட்டும்.